போலி மாத்திரையைக் கண்டுபிடிப்பது எப்படி?

வணிகப் பெருமக்களின் கவனத்துக்கு ஒரு சம்பவத்தை முதலில் சொல்லிவிடுகிறோம்.

சரவணம்பட்டியில் சத்தி ரோட்டை ஒட்டி மளிகைக் கடை வைத்திருப்பவர் அவர். நம் சங்க உறுப்பினர், பெயர் வேண்டாம். மழைக்காலத்தில் ஒருநாள், ஊதுபத்தி, சோப்பு, தீப்பெட்டி என்று வண்டியில் கொண்டுவந்து கடை கடையாகப் போடும் ஆள் ஒருவர், கூடவே ஒரு பிளாஸ்டிக் டப்பாவையும் நீட்டியிருக்கிறார். உள்ளே உதிரியாக வெள்ளை மாத்திரைகள். "காய்ச்சலுக்குங்ணா, மலேரியாவுக்கும் கேக்குமுங்க. பாதி விலைதானுங்க" என்றாராம். பில் கிடையாது. நம்மவரும் வாங்கிக் கல்லாப்பெட்டி பக்கத்தில் வைத்துக்கொண்டார்.

பக்கத்தில் அடுக்குமாடி கட்டும் வேலை நடந்துகொண்டிருந்தது. ஒடிசாவிலிருந்து வந்த தொழிலாளி ஒருவர் குளிர் நடுக்கத்தோடு வந்து மாத்திரை கேட்க, நாலு மாத்திரையைக் காகிதத்தில் மடித்துக் கொடுத்தார். மறுநாள் காய்ச்சல் விட்டது. அதற்கடுத்த நாள் திரும்ப வந்தது. ஐந்தாம் நாள் கூட வேலை செய்கிறவர்கள் அவரை அரசு மருத்துவமனைக்குத் தூக்கிக்கொண்டு போனார்கள். இரத்தப் பரிசோதனையில் மலேரியா என்று தெரிந்தது. நல்லவேளை, பிழைத்துக்கொண்டார். மேஸ்திரி கடைக்கு வந்து, "என்ன மாத்திரை குடுத்தீங்கன்னு டாக்டர் கேக்கறாருங்க" என்று நின்றபோது, நம்மவருக்குச் சொல்லப் பதில் இல்லை.

மீதி மாத்திரைகளோடு அவர் நம்மிடம் வந்தார். "இதை லேபுக்கு அனுப்பி, போலியா நெசமான்னு பாத்துரலாமுங்களா?" என்றார். நாம் திருப்பிக் கேட்டது மூன்று கேள்விகள். இது என்ன மருந்து? எந்தக் கம்பெனி, எந்த பேட்ச்? யாரிடம் வாங்கினீர்கள், பில் எங்கே? மூன்றுக்கும் பதில் இல்லை. அந்த மாத்திரை போலியா, காலாவதியானதா, அல்லது நல்ல மருந்தே தப்பான நோய்க்குப் போனதா என்பது இன்றுவரை யாருக்கும் தெரியாது.

ஆய்வகத்தில் மாத்திரையை எப்படிப் பரிசோதிக்கிறார்கள், அந்தப் பரிசோதனைக்கும் நம் கடைக்கும் என்ன சம்பந்தம் என்பதை உறுப்பினர்கள் எல்லோரும் தெரிந்துகொள்ள வேண்டும் என்று அன்றே முடிவு செய்தோம்.

நம் கைக்கு எட்டாத சோதனை

சரக்கைச் சோதித்து வாங்குவது மளிகை வணிகருக்குப் புதிதல்ல. மிளகாய்த் தூளை ஒரு டம்ளர் தண்ணீரில் போட்டால் செங்கல் பொடி அடியில் தங்கும்; சாயம் கலந்திருந்தால் கோடு கோடாக இறங்கும். தேயிலைத் தூளை ஈரக் காகிதத்தில் பரப்பினால், சாயமேற்றிய தூள் உடனே கறை விடும். பெருங்காயத்தைக் கொளுத்திப் பார்க்கிறோம், மல்லியை உள்ளங்கையில் தேய்த்து மோந்து பார்க்கிறோம். கண், மூக்கு, நாக்கு மூன்றும் நமக்கு ஆய்வகம்.

மாத்திரையில் இந்த மூன்றும் செல்லாது. 500 மில்லிகிராம் மருந்து உள்ள மாத்திரையும், சுண்ணாம்பும் மாவும் வைத்து அழுத்திய வில்லையும் பார்வைக்கு ஒன்றுபோலவே இருக்கும். கசக்கிறதே என்று நம்பவும் முடியாது. கசப்புக்கு வேறு எத்தனையோ பொருள் உண்டு. தின்றவர் சொல்லும் சாட்சியும் உதவாது. நம் நாட்டில் பரவலாகக் காணும் ஒரு வகை மலேரியாவில் காய்ச்சல் ஒருநாள் விட்டு ஒருநாள் வரும். மருந்தே இல்லாத வில்லையைக் கொடுத்தாலும் மறுநாள் காய்ச்சல் தானாக இறங்கும். "நல்லாக் கேக்குதுங்க" என்று சொல்லி அதே மாத்திரையை இன்னொருவருக்கும் வாங்கிப் போவார்கள். உள்ளே கிருமி பெருகிக்கொண்டே இருக்கும்.

கொய்னா கற்றுக்கொடுத்த பாடம்

மலேரியா மருந்தில் மோசடி என்பது நேற்று வந்த சங்கதி அல்ல. வால்பாறைப் பக்கம் போகிறவர்கள் சின்கோனா என்ற ஊரைப் பார்த்திருப்பார்கள். கொய்னா எடுக்கும் சின்கோனா மரத்தால் வந்த பெயர் அது. நீலகிரியில் 1860களிலேயே வெள்ளைக்கார அரசாங்கம் இந்த மரத்தை நட்டது. நடுவட்டத்தில் தோட்டமும் தொழிற்சாலையும் இருந்தன. அஞ்சலகம் வழியாகக் கொய்னாப் பொட்டலம் விற்ற காலமும் உண்டு.

கிராக்கி உள்ள சரக்கில் கலப்படம் நுழையும் என்பது நமக்குத் தெரிந்ததுதான். 1920களில் இந்தியச் சந்தையில் தரமில்லாத கொய்னாவும் மற்ற மருந்துகளும் தாராளமாகப் புழங்கின. 1927ல் டில்லி மேல்சபையில் இது பற்றித் தீர்மானம் வந்தது. 1930ல் கர்னல் ஆர்.என். சோப்ரா தலைமையில் விசாரணைக் குழு அமைத்தார்கள். அந்தக் குழுவின் சிபாரிசுகளிலிருந்து பிறந்ததே 1940ம் ஆண்டு மருந்துச் சட்டம். இன்றும் மருந்துக் கடைகளை ஆளுகிற சட்டம் அதுதான். ஆக, நம் நாட்டு மருந்துச் சட்டத்துக்கு வித்திட்டவற்றில் மலேரியா மருந்துக் கலப்படமும் ஒன்று.

பர்மா எல்லையில் நடந்தது

அண்மைக் காலத்துக் கதை இன்னும் பயங்கரம். கொய்னாவுக்கும் குளோரோகுயினுக்கும் பிறகு வந்த வலுவான மருந்து ஆர்ட்டிசுனேட். 2000ம் ஆண்டை ஒட்டி பர்மா, தாய்லாந்து, லாவோஸ், கம்போடியா, வியட்நாம் நாடுகளின் கடைகளில் 104 மாதிரிகளை வாங்கிச் சோதித்தார்கள். 38 சதவீதத்தில் ஆர்ட்டிசுனேட் துளிகூட இல்லை. அட்டை, அச்சு, எழுத்து எல்லாம் அச்சு அசலாக இருந்தன. போலி வராமல் தடுக்க அசல் கம்பெனி பளபளக்கும் ஹாலோகிராம் ஒட்டியது. போலிக்காரர்களும் ஹாலோகிராம் ஒட்டினார்கள். அதில் மட்டும் பத்துக்கு மேற்பட்ட வகைகள் பிடிபட்டன.

2005ல் கிழக்கு பர்மாவில் 23 வயது இளைஞர் ஒருவர் மலேரியாவோடு ஆஸ்பத்திரிக்கு வந்தார். ஆர்ட்டிசுனேட் கொடுத்தார்கள். நாளுக்கு நாள் மோசமாகி இறந்தார். பிறகு மாத்திரையைச் சோதித்தபோது, 50 மில்லிகிராம் இருக்க வேண்டிய இடத்தில் சுமார் 10 மில்லிகிராம்தான் இருந்தது. மீதி இடத்தில் பாராசிட்டமால். காய்ச்சலை மட்டும் இறக்கிக் காட்டி, நோயாளியையும் வைத்தியரையும் ஏமாற்றும் தந்திரம் இது. மருந்து கொஞ்சமாக இருந்ததிலும் ஒரு கேடு உண்டு. அரைகுறை மருந்தில் சாகாத கிருமி அந்த மருந்துக்கே பழகிவிடும். பிறகு நல்ல மருந்து கொடுத்தாலும் கேட்காது.

ஆய்வகத்தில் நடப்பது என்ன?

முதல் சோதனை கண்ணால்தான். ஆனால் அசல் அட்டையை அருகில் வைத்துக்கொண்டு, பூதக் கண்ணாடியில் பார்ப்பார்கள். எழுத்துப் பிழை, அச்சின் நிறம், பேட்ச் எண் பொறித்த விதம், மாத்திரையின் எடை, விளிம்பு என்று ஒவ்வொன்றாக ஒப்பிடுவார்கள். ஒப்பிட அசல் வேண்டும் என்பதைக் கவனியுங்கள்.

இரண்டாவது, கரைகிறதா என்று பார்ப்பது. நம் உடல் சூடான 37 டிகிரியில் தண்ணீர் வைத்து மாத்திரையைப் போட்டுக் குலுக்குவார்கள். மேல்பூச்சு இல்லாத சாதாரண மாத்திரை 15 நிமிடத்துக்குள் உடைந்து உதிர வேண்டும். உதிராத மாத்திரை வயிற்றில் கல்லாகக் கிடந்து அப்படியே வெளியே போய்விடும்.

மூன்றாவது, நிறச் சோதனை. ஆர்ட்டிசுனேட்டுக்கு என்றே அமெரிக்க ஆய்வாளர்கள் 2000ம் ஆண்டு வாக்கில் ஒரு எளிய சோதனையைக் கொண்டுவந்தார்கள். மாத்திரையில் துளி சுரண்டிக் கரைத்து ஒரு சாயத்தைச் சேர்த்தால், மருந்து இருந்தால் மஞ்சள் நிறம் வரும்; இல்லாவிட்டால் வராது. கொய்னாவுக்கு இன்னொரு வழி. நீர்த்த கந்தக அமிலத்தில் கரைத்துப் புற ஊதா விளக்கின் கீழ் பிடித்தால் நீலமாக ஒளிரும். இந்தச் சோதனைகளில் ஒரு குறை உண்டு. மருந்து இருக்கிறதா என்று தெரியும். எவ்வளவு என்று சரியாகத் தெரியாது. பர்மா மாத்திரைபோலக் கொஞ்சம் மருந்து போட்டிருந்தால் நிறம் வந்து ஏமாற்றிவிடும்.

நான்காவது, மென்படலப் பிரிப்பு என்னும் சோதனை. பெயருக்குப் பயப்பட வேண்டாம். மசிப் புள்ளி வைத்த காகிதத்தின் ஓரத்தைத் தண்ணீரில் நனைத்தால், தண்ணீர் மேலே ஏற ஏற மசியின் நிறங்கள் தனித்தனியாகப் பிரிந்து நிற்பதைப் பள்ளிக்கூடத்தில் பார்த்திருப்பீர்கள். அதே சங்கதிதான். ஒரு தகட்டில் சந்தேக மாத்திரையின் கரைசலை ஒரு புள்ளியும், அசல் மருந்தின் கரைசலைப் பக்கத்தில் ஒரு புள்ளியும் வைத்து, ஓரத்தைத் திரவத்தில் நிறுத்துவார்கள். இரண்டும் ஒரே உயரத்தில், ஒரே அளவு கறையாக நின்றால் சரி. கறை வேறு உயரத்தில் நின்றால் உள்ளே இருப்பது வேறு பொருள். மங்கலாக நின்றால் மருந்து குறைவு. ஜெர்மனியில் ஒரு அறக்கட்டளை 1990களின் பிற்பகுதியில் இதற்கான கருவிகளை எல்லாம் ஒரு பெட்டிக்குள் அடக்கி, கையில் தூக்கிச் செல்லும் ஆய்வகமாகவே செய்தது. ஆப்பிரிக்காவிலும் ஆசியாவிலும் பல நாடுகளில் அது புழக்கத்தில் இருக்கிறது.

ஐந்தாவது, கோர்ட்டில் நிற்கக்கூடிய சோதனை. கரைசலை மெல்லிய குழாய் வழியாக அழுத்தத்தில் செலுத்தி, அதிலுள்ள பொருள்களைப் பிரித்து, ஒவ்வொன்றும் எத்தனை என்று கணக்கிடும் கருவி உண்டு. எச்.பி.எல்.சி. என்பார்கள். பாராசிட்டமால் மாத்திரை என்றால், அட்டையில் போட்ட அளவில் 95 முதல் 105 சதவீதத்துக்குள் இருக்க வேண்டும் என்பது இந்திய மருந்துத் தர நூலின் விதி. நம் தராசுக்கு முத்திரை இருப்பதுபோல மருந்துக்கு இந்த எல்லை.

இதற்கும் மேலே போன துப்பறிதலும் உண்டு. முன்பு சொன்ன போலி ஆர்ட்டிசுனேட் எங்கே தயாராகிறது என்று கண்டுபிடிக்க, மாத்திரைக்குள் சிக்கியிருந்த மகரந்தத் துகளையும் சுண்ணாம்புக் கனிமத்தையும் ஆராய்ந்தார்கள். இரண்டும் தென் சீனப் பகுதியைக் காட்டின. சோதித்த 391 மாதிரிகளில் 195 போலி. சீனப் போலீசார் யுன்னான் மாகாணத்தில் ஒரு வியாபாரியைக் கைது செய்தார்கள். இரண்டு லட்சத்து நாற்பதாயிரம் அட்டைகளை அவர் கைமாற்றியதாகக் குற்றச்சாட்டு. மாத்திரையில் ஒட்டிய தூசி அத்தனை தூரம் சாட்சி சொன்னது.

பேட்ச் எண் காப்பாற்றிய கதை

நம் மாநிலத்துக்கு வருவோம். 2025 அக்டோபரில், மத்தியப் பிரதேசத்தின் சிந்த்வாராவில் குழந்தைகள் சிறுநீரகம் பழுதாகி இறந்த செய்தி வந்தது. அவர்கள் குடித்த இருமல் சிரப் ஒன்று காஞ்சிபுரம் மாவட்டத்தில் தயாரானது. நம் மருந்துக் கட்டுப்பாட்டுத் துறை அந்த பேட்சைப் பிடித்துச் சென்னையிலுள்ள அரசு ஆய்வகத்தில் சோதித்தது. மருந்தில் இருக்கக் கூடாத டை எத்திலீன் கிளைக்கால் என்ற விஷம் 48.6 சதவீதம் இருந்தது. ஓரிரு நாளில் முடிவு வந்து, விற்பனைக்குத் தடை போட்டார்கள். அத்தனை வேகம் எப்படிச் சாத்தியம்? பாட்டிலில் பேட்ச் எண் இருந்தது, கடையில் பில் இருந்தது. எந்த ஏஜென்சி, எந்தக் கடை, எத்தனை பாட்டில் என்று நூல் பிடித்துப் போக முடிந்தது. அந்த எண் இல்லாமல் டப்பாவில் உதிரியாக வந்த சரக்கு என்றால் எங்கே போய்த் தேடுவது?

சட்டம் நமக்கு என்ன சொல்கிறது?

ஆயுர்வேத, சித்த மருந்துகளுக்கு விதி வேறு. இங்கே பேசுவது ஆங்கில மருந்து பற்றி மட்டும்.

காய்ச்சல் மாத்திரை, பேண்டேஜ் போன்ற சில வீட்டு மருந்துகளை உரிமம் இல்லாமல் விற்கலாம் என்று மருந்து விதிகளில் ஒரு சலுகை உண்டு. அதை நம்பித்தான் பலர் மாத்திரை வைத்திருக்கிறார்கள். ஆனால் அந்தச் சலுகை, மக்கள்தொகை ஆயிரத்துக்கு மேற்படாத கிராமத்துக்கு மட்டுமே. அங்கும் உரிமம் பெற்றவரிடம் வாங்கிய, பிரிக்காத பாக்கெட்டையே விற்க வேண்டும். சரவணம்பட்டி 2011லேயே கோவை மாநகராட்சியோடு இணைந்துவிட்டது. ஐ.டி. கம்பெனிகளும் அடுக்குமாடிகளும் வந்துவிட்ட இந்த ஊரில் அந்தச் சலுகை நமக்கு இல்லை. மருந்தாளுநர் இல்லாமல் சில சாதாரண மருந்துகளை மட்டும் விற்பதற்கு 20ஏ என்ற வரையறுக்கப்பட்ட உரிமம் இருக்கிறது. விற்க விரும்புவோர் மருந்துக் கட்டுப்பாட்டு அலுவலகத்தில் முறையாக விண்ணப்பிக்கலாம். உரிமம் இல்லாமல் விற்றால் மூன்று முதல் ஐந்து ஆண்டு சிறை, ஒரு லட்சத்துக்குக் குறையாத அபராதம். விற்றது போலி மருந்தாக இருந்து உயிர் போனால் பத்து ஆண்டு முதல் ஆயுள் வரை. குளோரோகுயின் போன்ற மலேரியா மருந்துகளோ டாக்டர் சீட்டு இல்லாமல் மருந்துக் கடையிலேயே கொடுக்கக் கூடாதவை.

உரிமத்தோடு மருந்து விற்கும் உறுப்பினர்களுக்கும் சில செய்திகள். ஆய்வாளர் மாதிரி எடுத்தால் பயப்பட வேண்டாம். அதற்குரிய விலையைக் கொடுத்து, மாதிரியை நான்கு பாகமாக்கி முத்திரை வைத்து, ஒரு பாகத்தை உங்களிடமே விட்டுச் செல்ல வேண்டும். ஆய்வறிக்கையை ஏற்காவிட்டால் 28 நாளுக்குள் எதிர்ப்பு தெரிவிக்கலாம். கோர்ட் நினைத்தால் மத்திய ஆய்வகத்துக்கு மறுசோதனைக்கு அனுப்பும். போலி என்றே முடிவானாலும் விற்றவருக்குத் தப்ப ஒரு வழியைச் சட்டம் வைத்திருக்கிறது. உரிமம் உள்ளவரிடம் வாங்கியிருக்க வேண்டும். தக்க கவனத்தோடு பார்த்தும் குறை தெரிந்திருக்க முடியாது என்று காட்ட வேண்டும். வாங்கிய நிலையிலேயே, சரியான இடத்தில் வைத்திருக்க வேண்டும். முதலாவதைப் பில்தான் நிரூபிக்கும். மூன்றாவதற்கு, வெயில் படும் அலமாரியிலும் அடுப்பு மேடைப் பக்கத்திலும் மருந்தை வைக்காமல் இருக்க வேண்டும். சித்திரை வெயிலில் தகரக் கூரைக்குக் கீழே கிடந்தால் நல்ல மருந்தும் கெட்டுப்போகும்.

பொதுமக்களுக்கும் ஒரு உரிமை உண்டு. தான் வாங்கிய மருந்தில் சந்தேகம் என்றால் யார் வேண்டுமானாலும் கட்டணம் கட்டி அரசுப் பகுப்பாய்வாளரிடம் சோதனைக்குக் கொடுக்கலாம். நாளைக்கு நம் கடை மாத்திரையை வாடிக்கையாளரே கொண்டுபோய்க் கொடுக்கலாம் என்பதை மறக்கக் கூடாது.

நாம் செய்ய வேண்டியவை

உரிமம் இல்லாதவர்கள் கல்லாப்பெட்டிப் பக்கத்து மாத்திரை டப்பாவை இன்றே எடுத்துவிடுங்கள். அதில் வரும் லாபம் ஒரு நாளைக்கு டீச் செலவுக்குக்கூடக் காணாது.

உரிமம் உள்ளவர்கள் பில், பேட்ச் எண், காலாவதித் தேதி மூன்றும் ஒத்துப்போகிறதா என்று சரக்கு இறங்கும்போதே பாருங்கள். 2023 ஆகஸ்டு முதல் 300 முக்கியப் பிராண்டு மருந்துகளில் பார்கோடு அல்லது க்யூஆர் கோடு கட்டாயம். அதைச் செல்போனில் காட்டினால் வரும் விவரம் அட்டையில் உள்ளதோடு பொருந்த வேண்டும். ஹாலோகிராம் பளபளக்கிறது என்று மட்டும் நம்பாதீர்கள்.

சந்தைக்கு மிகக் குறைந்த விலை என்றால் ஒரு கேள்வி கேளுங்கள். பருப்பை யாராவது பாதி விலைக்குக் கொண்டுவந்தால் மூட்டையைக் குத்திப் பார்க்காமல் வாங்குவோமா? மாத்திரையைக் குத்திப் பார்க்கக் குத்தூசி இல்லை. அந்த ஊசி ஆய்வகத்தில் இருக்கிறது. அதற்கு வழிகாட்டும் சீட்டு நம் பில் ஃபைலில் இருக்கிறது.

காய்ச்சல், குளிர் நடுக்கம் என்று யார் வந்தாலும், குறிப்பாக வெளிமாநிலத் தொழிலாளர்கள் வந்தால், அரசு சுகாதார நிலையத்துக்குப் போகச் சொல்லுங்கள். மலேரியா இரத்தப் பரிசோதனையும் மருந்தும் அங்கே இலவசம். மொழி தெரியாத ஊரில் அவர்களுக்கு முதலில் தெரிந்த மனிதர் பெரும்பாலும் மளிகைக் கடைக்காரர்தான். அவர் சொன்னால் கேட்பார்கள்.

நம் உறுப்பினர் மீதி மாத்திரைகளை மருந்துக் கட்டுப்பாட்டு அலுவலகத்தில் ஒப்படைத்து, நடந்ததைச் சொல்லிவிட்டு வந்தார். நாமும் கூடப் போயிருந்தோம். அந்த வண்டிக்காரர் பிறகு சரவணம்பட்டிப் பக்கம் வரவில்லை. வேறு ஊரில் வேறு கடையில் அதே டப்பாவை நீட்டிக்கொண்டிருக்கலாம். உங்கள் கடைக்கு வந்தால், பில் கேளுங்கள்.